மறுபடி களம் புகாத ஆட்டக்காரன்: ‘வெண்ணிலா கபடிக் குழு 2’ படத்தை முன்வைத்துப் போட்டித் திரைப்படத் தொடர்ச்சி குறித்த ஒரு திறனாய்வு

ஆய்வுச்சுருக்கம்

குறைந்த முதலீட்டில் உருவாகும் போட்டித் திரைப்படங்களின் இரண்டாம் பாகங்கள் தமிழ்த் திறனாய்வில் பெரிதும் கவனம் பெறாதவை. 2009ஆம் ஆண்டு வெளியான ‘வெண்ணிலா கபடிக் குழு’, 2019ஆம் ஆண்டு வெளியான அதன் இரண்டாம் பாகம் ஆகிய இரண்டையும் இக்கட்டுரை ஒப்பிட்டு நோக்குகிறது. முதற்படம் ஆட்டத்திற்கு வெளியே எந்தக் காரணத்தையும் நாடாமல், விளையாடும் விருப்பத்தையே கதையின் உந்துவிசையாகக் கொண்டது. இரண்டாம் படம் அவ்விருப்பத்திற்குக் குடும்பக் காரணம் ஒன்றைக் கற்பித்து, குழுவின் கதையைத் தந்தை மகன் கதையாக மாற்றியது. இம்மாற்றத்தினால் அது தன் முதற்பாகத்தைக் காட்டிலும் தற்காப்புக் கலைப் போட்டிப் படங்களின் மரபுக்கே நெருக்கமாகிறது என்பதும், முதற்படத்தின் உண்மையான தொடர்ச்சியை வேறு படங்களிலேயே தேடவேண்டும் என்பதும் இங்கு நிறுவப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: போட்டித் திரைப்படம், இரண்டாம் பாகம், கபடி, திருவிழாக் காலம், குருதி வழி, பயிற்சி வழி, வீரபாண்டி, சுசீந்திரன்.

முன்னுரை

ஒரு திரைப்படத்தின் தலைப்போடு 2 என்னும் எண் சேரும்போது, பார்வையாளருக்கு ஒரு வாக்குறுதி அளிக்கப்படுகிறது. முன்பு கண்ட மனிதர்களை மீண்டும் காணலாம், முன்பு முடிந்த கதை இன்னும் முடியவில்லை என்பதே அவ்வாக்குறுதி. போட்டியை மையமாகக் கொண்ட படங்களில் இவ்வாக்குறுதியை நிறைவேற்றுவது எளிதன்று. போட்டி என்பது இயல்பிலேயே முடிவை நோக்கி விரையும் வடிவம். சுற்றுகள் குறையும், அணிகள் வெளியேறும், இறுதியில் ஒருவரே எஞ்சுவர். கோப்பை கைக்கு வந்தபின் சொல்வதற்கு என்ன இருக்கிறது என்னும் வினாவை இவ்வகைப் படத்தின் ஒவ்வோர் இரண்டாம் பாகமும் எதிர்கொள்ள வேண்டியுள்ளது.

தமிழில் இவ்வினாவை மிகக் கடினமான வடிவில் எதிர்கொண்ட படம் ‘வெண்ணிலா கபடிக் குழு 2’. அதன் முதற்பாகத்தில் போட்டி முடிவதோடு நாயகனின் உயிரும் முடிந்துவிடுகிறது. இறந்தவனை மீட்டுக் கொண்டுவர இயலாத நிலையில் பத்தாண்டு இடைவெளிக்குப் பின் வந்த இரண்டாம் பாகம் எதைத் தொடர்ந்தது, எதைக் கைவிட்டது என்பதைக் காண்பது இக்கட்டுரையின் நோக்கம். இரண்டாம் படம் வெற்றி பெறாதது என்னும் வணிகத் தீர்ப்பு இங்குப் பொருட்டன்று. தொடர்ச்சி என்ற பெயரில் ஒரு கதையின் அடிப்படை நம்பிக்கை எவ்வாறு இடம் மாறுகிறது என்பதே பொருட்டு.

போட்டிப் படத்தின் இலக்கணமும் அதன் இரண்டாம் பாகமும்

தற்காப்புக் கலைப் போட்டிப் படத்தின் உலகளாவிய வடிவத்தை 1973ஆம் ஆண்டு வெளியான ‘என்டர் த டிராகன்’ பரவலாக்கியது. தொலைதூரத் தீவில் நடைபெறும் போட்டி, பல நாட்டுப் போட்டியாளர்கள், போட்டிக்குள் மறைந்திருக்கும் பழிவாங்கல் ஆகிய மூன்றும் அதன் கூறுகள். அப்படத்தின் நாயகன் தன் தங்கையின் சாவுக்கும் கணக்குத் தீர்க்க வேண்டியவன். 1988இல் வந்த ‘பிளட்ஸ்போர்ட்’ இவ்வடிவத்தை மேலும் சுருக்கியது. ஒரு களம், அடுத்தடுத்த சண்டைகள், இடையிடையே பயிற்சி நினைவுகள் என்பதே அதன் கட்டமைப்பு. இச்சுருக்கம் முதலீட்டோடு நேரடித் தொடர்புடையது. ஒரே அரங்கில் பல நாள் படப்பிடிப்பை நடத்தலாம். நட்சத்திர நடிகர் இன்றி உடற்பயிற்சி பெற்ற புதுமுகங்களை நம்பலாம். ஒவ்வொரு சுற்றும் தனக்கெனத் தொடக்கமும் முடிவும் கொண்டிருப்பதால் சிக்கலான திரைக்கதையும் தேவைப்படாது.

குறைந்த முதலீட்டு இரண்டாம் பாகங்களின் இலக்கணமும் இங்கிருந்தே பிறக்கிறது. 1996இல் வெளியான ‘பிளட்ஸ்போர்ட் 2’ படத்தில் முதற்பாகத்தின் நாயக நடிகர் ழான் கிளாட் வான் டாம் இல்லை. அவரிடத்தில் டேனியல் பெர்ன்ஹார்ட் வேறொரு பாத்திரமாக வருகிறார். போட்டியும், முதற்பாகத்தில் நாயகனின் நண்பனாக வந்த பாத்திரமும் மட்டுமே மீள்கின்றன. 1991இல் வெளியான ‘கிக்பாக்ஸர் 2’ இன்னும் ஒருபடி மேலே சென்று, முதற்பாக நாயகன் கொல்லப்பட்டுவிட்டதாகக் கூறி அவன் தம்பியைக் களத்தில் இறக்குகிறது. நடிகர் மாறலாம், நாயகனும் மாறலாம். போட்டியின் பெயரும் ஒரு துணைப் பாத்திரமும் இரத்த உறவும் இருந்தால் தொடர்ச்சி அமைந்துவிடும் என்பது இவ்வகைப் படங்களின் எழுதப்படாத விதி.

தமிழில் இவ்விதியின் முற்பகுதி, அதாவது இரத்த உறவின் கடன், இரண்டாம் பாகங்கள் தோன்றுமுன்னரே வேரூன்றிவிட்டது. 2001இல் வெளியான ‘பத்ரி’ படத்தில் அண்ணன் தாக்கப்பட்டு வீழ்ந்தபின் பொறுப்பற்றுத் திரிந்த தம்பி கிக்பாக்ஸிங் களத்தில் இறங்குகிறான். 2004இல் வெளியான ‘எம். குமரன் சன் ஆஃப் மகாலட்சுமி’ படத்தில், தாயின் மறைவுக்குப்பின் மலேசியா செல்லும் மகன், பிரிந்து வாழ்ந்த பயிற்சியாளரான தந்தையின் வழியாகக் களம் காண்கிறான். படத்தின் தலைப்பே நாயகனைத் தாயின் மகன் என்று அடையாளப்படுத்துவது நோக்கத்தக்கது. இரண்டும் தெலுங்குப் படங்களின் மறுஆக்கங்கள். இவற்றில் விளையாட்டு என்பது குடும்பக் கணக்கைத் தீர்க்கும் இடம். நாயகன் விளையாட விரும்புவதனால் விளையாடுவதில்லை. விளையாடியாக வேண்டிய கடனால் விளையாடுகிறான்.

திருவிழாக் காலமும் போட்டிக் காலமும்

சுசீந்திரனின் முதற்படமான ‘வெண்ணிலா கபடிக் குழு’ இம்மரபிலிருந்து விலகி நின்றது என்பதே அதன் முதன்மைச் சிறப்பு. பழனி வட்டாரச் சிற்றூர் ஒன்றின் இளைஞர்கள் கபடி விளையாடுகின்றனர், தொடர்ந்து தோற்கின்றனர். படிப்பை இழந்து ஆடு மேய்க்கும் மாரிமுத்துவுக்கு யார்மீதும் பழியில்லை. தீர்க்கவேண்டிய கடனும் இல்லை. பகல் முழுதும் பிறருக்காக உழைக்கும் உடல், சிறிது நேரம் தனக்காக ஓட விரும்புகிறது. அவ்வளவே அவன் கபடிக்கான காரணம். மதுரையில் நடைபெறும் பெரும்போட்டியில் அக்குழு தற்செயலாக இடம்பெறுவதும், சவடமுத்து என்னும் பயிற்சியாளர் அவர்களைச் செம்மைப்படுத்துவதும் அதன்பின் நிகழ்பவை.

இக்கதையின் கால அமைப்பு தனித்து ஆராயத்தக்கது. படத்தில் இரு காலங்கள் இணையாக ஓடுகின்றன. ஒன்று திருவிழாக் காலம். ஊர்த் திருவிழாவுக்கு உறவினர் வீட்டிற்கு வரும் பெண்ணை மாரிமுத்து சந்திக்கிறான். அடுத்த திருவிழாவில் மீண்டும் சந்திக்கலாம் என்னும் நம்பிக்கையோடு இருவரும் பிரிகின்றனர். மற்றொன்று போட்டிக் காலம். அதில் ஒவ்வொரு நாளும் ஓர் அணி வெளியேறுகிறது. முன்பு நிகழ்ந்தது மீள்வதில்லை.

திருவிழாக் காலம் என்பதன் ஆழத்தைக் கம்பம் பள்ளத்தாக்கின் வீரபாண்டியைக் கொண்டு விளங்கிக்கொள்ளலாம். தேனியிலிருந்து கம்பம் செல்லும் சாலையில், முல்லையாற்றங்கரையில் அமைந்தது இவ்வூர். இங்குள்ள கௌமாரியம்மன் கோயிலின் சித்திரைத் திருவிழா, தேனி மாவட்டத்தின் மிகப்பெரிய மக்கள் கூடுகைகளுள் ஒன்று. கம்பம் நடப்பட்டதும் விரதம் தொடங்குகிறது. தீச்சட்டி ஏந்துவோரும் நேர்த்திக்கடன் செலுத்துவோரும் ஆற்றங்கரையை நிறைக்கின்றனர். தேரோட்டத்தோடு விழா உச்சம் அடைகிறது. பிழைப்புக்காக வெளியூர் சென்றவர் ஊர் திரும்புவதற்கும், உறவினர் ஒருவரையொருவர் கண்டு பேசுவதற்கும், பெண் பார்ப்பதற்கும், பழைய மனத்தாங்கல் தீர்வதற்கும் இவ்வகைத் திருவிழாவே காலக்குறி. இவ்வாண்டு காணாதவரை அடுத்த சித்திரையில் காணலாம் என்பது திருவிழாவை நம்பி வாழும் ஊர்களின் பொது உணர்வு. ஊர்க் கபடிப் போட்டிகள் பலவும் திருவிழாக்களையும் பொங்கலையும் ஒட்டியே நடைபெறுவதால், இவ்வூர்களில் ஆட்டமும் அவ்வட்டக் காலத்திற்குள் அடங்கியதே. இவ்வாண்டு தோற்ற அணி அடுத்த ஆண்டும் அதே பெயரோடு வந்து நிற்கும்.

படத்திற்கு உரையாடல் எழுதிய பாஸ்கர் சக்தி தேனி மாவட்டத்தைச் சேர்ந்தவர் என்பதை இங்கு நினைவுகூரலாம். அவருடைய குறுநாவலைத் தழுவிச் சுசீந்திரன் 2011இல் இயக்கிய ‘அழகர்சாமியின் குதிரை’யும் நின்றுபோன ஒரு திருவிழாவை நடத்திமுடிக்க முயலும் ஊரின் கதையே. மழையும் திருவிழாவும் தவறும்போது ஊர் அடையும் பதற்றத்தை நகைச்சுவையோடு காட்டும் அப்படத்தையும் இதனையும் அருகருகே வைத்து நோக்கின், திருவிழாவின் மீள்வருகை என்பது இவ்விருவரின் கூட்டுப் படைப்புகளில் வெறும் பின்னணி அன்று, கதையின் அச்சு என்பது புலனாகும்.

‘வெண்ணிலா கபடிக் குழு’ தன் முடிவில் இவ்விரு காலங்களையும் மோதவிடுகிறது. மதுரைப் போட்டி மாரிமுத்துவின் உயிரைக் கொள்கிறது. அணி வெல்கிறது, அவன் மீள்வதில்லை. திருவிழாவோ தவறாமல் மீள்கிறது. சொன்ன சொல் தவறாமல் ஊருக்கு வரும் பெண், அவன் இறந்ததை அறியாமலே அவனைத் தேடித் திரும்புகிறாள். சாவைக் காட்டிலும் இத்தேடலே பார்வையாளரை வருத்துகிறது. எல்லாவற்றையும் திருப்பித் தரும் திருவிழா, ஒருவனை மட்டும் திருப்பித் தரவில்லை.

கபடியின் விதியே இம்முடிவுக்குக் கூர்மை சேர்க்கிறது. கபடி வகைகளுள் சஞ்சீவினி, காமினி, அமர் என்பன நெடுங்காலம் அறியப்பட்டவை. சஞ்சீவினி முறையில், வெளியேற்றப்பட்டவர் தம் அணி எதிரணியில் ஒருவரை வெளியேற்றும்போது மீண்டும் களம் புகலாம். காமினி முறையில் வெளியேறியவர் வெளியேறியவரே. அமர் முறையில் தொடப்பட்டவர் வெளியேறுவதில்லை. புள்ளி மட்டுமே கணக்கிடப்படும். இன்று பன்னாட்டளவில் ஆடப்பெறுவது சஞ்சீவினியின் வழிவந்த முறை. தோழன் ஈட்டும் புள்ளியால் வெளியேறியவன் உயிர்பெறும் இவ்விதி, உலக விளையாட்டுகளில் அரிதானது. தோழர்களால் மீண்டும் மீண்டும் களத்திற்கு அழைக்கப்பட்ட மாரிமுத்து, இறுதியில் யாராலும் அழைக்க முடியாத இடத்திற்குச் செல்கிறான். சஞ்சீவினியாக ஆடப்பட்ட ஆட்டம் காமினியாக முடிகிறது.

அழித்துவிட்டு எண்ணுதல்

முதற்படத்தின் மிகப் புகழ்பெற்ற காட்சி, கபடிக் களத்திற்கு வெளியே பரோட்டாக் கடையில் நிகழ்வது. ஐம்பது பரோட்டா உண்ணும் பந்தயத்தில் சூரி ஏற்ற பாத்திரம் இறங்குகிறது. உண்ட எண்ணிக்கையைக் கோடுகளாகக் குறித்துவரும் கடைக்காரர், தோல்வி நெருங்குவதைக் கண்டு கணக்கைக் குழப்ப முற்படுகிறார். அப்போது, கோடுகள் அனைத்தையும் அழித்துவிட்டு முதலிலிருந்தே எண்ணலாம் என அவன் சலனமின்றிக் கூறுகிறான். நடிகர் சூரிக்கு நீங்காத அடைபெயரை ஈட்டித் தந்த காட்சி இது.

நகைச்சுவை என்னும் நிலையைக் கடந்து இக்காட்சி படத்தின் கருத்தோடு ஒன்றியது. பந்தயம் வைத்தவரின் கையிலேயே எண்ணும் உரிமையும் இருக்கும்போது, எளியவன் வெல்வதற்கு ஒரே வழி, அவர் எண்ணி முடிப்பதற்குள் தீராத ஆற்றலோடு இருப்பது. இங்கு அவ்வாற்றல் பசி. கணக்கை ஏமாற்றலாம், பசியை ஏமாற்ற முடியாது. விளையாடும் விருப்பமும் அப்படத்தில் பசியைப் போன்றதே. அதற்கு விளக்கம் தேவைப்படுவதில்லை.

இரண்டாம் பாகம் எடுப்பது என்பதும் ஒருவகையில் கோடுகளை அழித்துவிட்டு மீண்டும் எண்ணத் தொடங்குவதே. மீண்டும் தொடங்குபவரிடம் அதே பசி உள்ளதா என்பதே வினா.

குழுவிலிருந்து குடும்பத்திற்கு

‘வெண்ணிலா கபடிக் குழு 2’ செல்வசேகரன் இயக்கத்தில் 2019 சூலையில் வெளியானது. கதை சுசீந்திரனுடையது; இசை முதற்படத்திற்கு இசையமைத்த வி. செல்வகணேஷ். விக்ராந்த் நாயகனாகவும், அர்த்தனா பினு நாயகியாகவும், பசுபதி நாயகனின் தந்தையாகவும் நடித்தனர். சூரி மீண்டும் இடம்பெற்றார். நாயகன் புதியவன், நகைச்சுவைத் துணை பழையவர், ஆட்டம் அதுவே என்னும் இவ்வமைப்பு ‘பிளட்ஸ்போர்ட் 2’ வகுத்த இலக்கணத்தோடு ஒத்துச்செல்வது தற்செயலாயினும் கருதத்தக்கது. குறைந்த முதலீட்டுத் தொடர்ச்சியின் தேவைகள் எங்கும் ஒன்றாக இருப்பதால் விடைகளும் ஒன்றாகின்றன.

கதையின் அடித்தளம் எளியது. தந்தையின் அளவுகடந்த கபடிப் பற்றை மகன் சரவணன் வெறுக்கிறான். அப்பற்றின் பின்னணியை அறிந்தபின் தானே கபடி வீரனாக மாற முடிவெடுக்கிறான். இச்சுருக்கத்திற்குள்ளேயே முதற்படத்திலிருந்து நிகழ்ந்த விலகல் முழுமையாக அடங்கியுள்ளது. மாரிமுத்துவின் கபடிக்குப் பின்னணி இல்லை. தந்தை சாமியின் கபடிக்குப் பின்னணி உண்டு. முதற்படம் விருப்பத்தைத் தொடக்கமாகக் கொண்டது. இரண்டாம் படம் அதனை விடுவிக்கப்பட வேண்டிய புதிராகக் கொண்டது. ஒருவர் கபடியை இவ்வளவு நேசிக்க வேண்டுமாயின் அதற்கொரு மறைபொருள் இருந்தாக வேண்டும் என அது கருதுகிறது. விளையாட்டின்மீது இக்கதைக்கு உள்ளூர இருக்கும் ஐயத்தை இது காட்டுகிறது.

இதன் விளைவுகள் மூன்று. முதலாவது, குழு பின்னுக்குச் செல்கிறது. தலைப்பில் உள்ள குழு என்னும் சொல் முதற்படத்தில் பொருளுடையது. ஏழு பேரின் குறைகளும் நகைப்பும் பகையும் சேர்ந்தே அங்கு ஓர் அணி உருவானது. இரண்டாம் படத்தில் ஒரு மகனின் மனமாற்றமே கதைக்குப் போதுமானதாகிவிடுவதால், எஞ்சிய அறுவர் அவன் பயணத்தின் துணைவராகச் சுருங்குகின்றனர். இரண்டாவது, உழைப்பு மறைகிறது. ஆடு மேய்ப்பவன் ஆட்டக்காரனாவதற்கு இடையில் உள்ள நேரமின்மை, களைப்பு, கேட்டுப் பெறவேண்டிய அனுமதி ஆகியவையே முதற்படத்தின் உண்மையான எதிரணி. குடும்பக் கடன் கதையின் உந்துவிசையானவுடன், விளையாட நேரம் யாருக்கு உண்டு என்னும் வினாவுக்கு இடமில்லாமற் போகிறது. மூன்றாவது, சாவின் கனம் குறைகிறது. முதற்படத்தில் இழப்பு ஈடுசெய்ய இயலாதது. கடன் என்னும் கருத்தோ, தந்தை விட்டதை மகன் பெற்றுத்தருவான் என்னும் ஈட்டை எப்போதும் உள்ளடக்கியது.

ஆகவே இரண்டாம் படம் தலைப்பளவில் ‘வெண்ணிலா கபடிக் குழு’வின் தொடர்ச்சியாயினும், கதையளவில் ‘பத்ரி’, ‘எம். குமரன்’ ஆகியவற்றின் வழித்தோன்றல் எனலாம். தற்காப்புக் கலைப் போட்டிப் படங்களின் மரபிலிருந்து முதற்படம் எதனை விலக்கியதோ அதனையே இரண்டாம் படம் மீட்டுக் கொணர்ந்தது.

இதற்கு ஒரு காலப் பின்புலமும் உண்டு. 1990இல் பெய்சிங் ஆசிய விளையாட்டுப் போட்டிகளிலேயே கபடி பதக்க விளையாட்டாகிவிட்டபோதிலும், 2009இல் அது பெரும்பாலும் மண்தரையின் ஆட்டமாகவே அறியப்பட்டது. 2014இல் தொழில்முறைக் கபடித் தொடர் தொடங்கியது. 2017இல் தமிழ் தலைவாஸ் அணி அதில் சேர்ந்தது. தொலைக்காட்சி ஒளியில், விரிப்புத் தரையில், ஏலத்தில் விலைபேசப்பட்ட வீரர்கள் ஆடும் காட்சி 2019இல் வீடுகளுக்குப் பழகிவிட்டது. கபடி ஆடுவதற்கு ஒருவன் தன் ஊரை மன்றாட வேண்டியிருந்த நிலையைச் சொல்வதற்கு அதுவே மிகப் பொருத்தமான தருணம். மண்தரைக்கும் விரிப்புத் தரைக்கும் இடையே கைவிடப்பட்டவர் யார் என்பதை இரண்டாம் பாகம் கேட்டிருக்கலாம். அது குடும்ப நினைவுக்குள் ஒதுங்கிக்கொண்டது.

எனினும் ஒன்றை அதன் பங்களிப்பாக ஏற்கவேண்டும். களத்தைவிட்டு நீங்கிய ஆட்டக்காரன் எஞ்சிய வாழ்நாளை எப்படிக் கழிக்கிறான் என்னும் வினாவை அது தொட்டது. போட்டிப் படங்கள் பெரும்பாலும் இளமையின் உடலோடு முடிந்துவிடுபவை. குடும்பம் வெறுக்கும் அளவிற்கு ஆட்டத்தின்மீது பற்றுக்கொண்ட நடுவயது மனிதர் ஒருவரை மையத்திற்கருகே நிறுத்தியது புதிய தொடக்கமே. அப்பற்றுக்கு விளக்கம் தேடாமல் அம்மனிதரோடு இன்னும் சிறிது நேரம் இருந்திருந்தால், படம் வேறொன்றாகியிருக்கும்.

ஒரே நடிகர், மூன்று களங்கள்

இரண்டாம் படம் தவறவிட்டதைப் பின்வந்த படங்கள் எவ்வாறு கையாண்டன என்பதை, பசுபதி ஏற்ற மூன்று பாத்திரங்களின் வழியே காணலாம். 2021இல் பா. இரஞ்சித் இயக்கத்தில் வெளியான ‘சார்பட்டா பரம்பரை’யில் அவர் ரங்கன் வாத்தியார். 2025இல் மாரி செல்வராஜ் இயக்கத்தில் வெளியான ‘பைசன் காளமாடன்’ படத்தில் கபடி வீரன் கிட்டானின் தந்தை.

‘சார்பட்டா பரம்பரை’யில் பரம்பரை என்னும் சொல் குருதி வழியைக் குறிக்கவில்லை, பயிற்சி வழியைக் குறிக்கிறது. வடசென்னைக் குத்துச்சண்டைக் குழுக்களின் மரபில் வாத்தியாரிடம் கற்றவரே வழித்தோன்றல். ரங்கன் தன் மகன் வெற்றிச்செல்வனைத் தவிர்த்து, துறைமுகத் தொழிலாளியான கபிலனைக் களமிறக்குகிறார். மகனின் மனக்காயம் அப்படத்தின் முக்கியமான உட்கதைகளுள் ஒன்று. கபிலனின் தந்தையும் குத்துச்சண்டை வீரர்தான். ஆனால் அம்மரபு மகனுக்குப் பெருமையாக வந்துசேரவில்லை. தாயின் அச்சமாக வந்துசேர்கிறது. குருதி வழி, பயிற்சி வழி ஆகிய இரண்டையும் எதிரெதிரே நிறுத்தி, பின்னதற்கே களத்தின் உரிமையை வழங்குகிறது அப்படம். 2019இல் ஒன்றாக இணைக்கப்பட்டவை இங்குப் பிரித்து ஆராயப்படுகின்றன.

‘பைசன்’ படத்தில் தந்தை மகனைக் கபடி ஆடவிடாமல் தடுக்க முயல்கிறார். ஆட்டம் பிடிக்காததால் அன்று. சாதிப் பகை சூழ்ந்த ஊரில் களத்திற்குச் செல்லும் மகன் உயிரோடு திரும்புவானா என்னும் அச்சத்தால். 1994ஆம் ஆண்டு இரோசிமா ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் தங்கம் வென்ற இந்திய அணியில் இடம்பெற்ற மணத்தி கணேசனின் வாழ்விலிருந்து உந்துதல் பெற்றது இப்படம். இங்குத் தந்தையின் மனநிலைக்கும் காரணம் உண்டு. ஆயின் அது வீட்டுக்குள் ஒளித்துவைக்கப்பட்ட கதையன்று. ஊர் முழுதும் அறிந்தது. குடும்பக் கதையைச் சமூகக் கதையாக விரிக்கும் ஆற்றல் இவ்வேறுபாட்டிலிருந்தே பிறக்கிறது.

இம்மூன்றையும் வரிசைப்படுத்தி நோக்கும்போது ஒரு நகர்வு தெரிகிறது. முதலில் மகனால் வெறுக்கப்படும் ஆட்டப் பித்தர். அடுத்து மகனைக் கடந்து மாணவனைத் தேரும் ஆசான். பின்னர் மகனைக் காக்க ஆட்டத்தைத் தடுக்கும் தந்தை. தமிழ் விளையாட்டுப் படத்தின் தந்தையுருவம் ஆறாண்டுகளில் வீட்டிலிருந்து பயிற்சிக் கூடத்திற்கும், அங்கிருந்து ஊர்த் தெருவுக்கும் நகர்ந்துள்ளது. இந்நகர்வின் முதற்படியாக நோக்கினால் ‘வெண்ணிலா கபடிக் குழு 2’ புறந்தள்ளத்தக்க படமன்று.

எண்ணிடப்படாத தொடர்ச்சி

முதற்படத்தின் கருத்தியல் தொடர்ச்சி எங்கே உள்ளது என்னும் வினா எஞ்சுகிறது. விடை அதே ஆண்டில், ஒரு மாத இடைவெளியில் வெளியான மற்றொரு படத்தில் உள்ளது. 2019 ஆகத்தில் வெளியான ‘கென்னடி கிளப்’ சுசீந்திரனே இயக்கியது. ஓய்வுபெற்ற இராணுவ வீரர் ஒருவர் கிராமத்துப் பெண்களுக்குக் கபடி கற்பிக்கிறார். அப்பாத்திரத்தை ஏற்றவர் தேனி அல்லிநகரத்திலிருந்து வந்து தமிழ்த் திரையை ஊர்ப்புறத்திற்கு அழைத்துச் சென்ற பாரதிராஜா. சசிகுமார் பயிற்சியாளராக வருகிறார். திறமை இருந்தும் தேர்வில் கையூட்டுக் கேட்கப்படும்போது அப்பெண்களும் அவர்தம் குடும்பங்களும் என்ன செய்வர் என்பதே கதையின் முடிச்சு.

இப்படமும் குறைகளற்றதன்று. பல இடங்களில் செய்தி, காட்சியை முந்திச் செல்கிறது. ஆயினும் ‘வெண்ணிலா கபடிக் குழு’ எழுப்பிய வினாவை, அதாவது விளையாடும் உரிமை யாருக்கு உண்டு என்பதை, அது கைவிடவில்லை. ஆடு மேய்க்கும் இளைஞனிடத்தில் இப்போது வறிய வீட்டுப் பெண்கள் நிற்கின்றனர். பரோட்டாக் கடைக்காரரின் இடத்தில் தேர்வாளர். எண்ணும் உரிமை இப்போதும் அவர்கள் கையில் இல்லை. கிரிக்கெட் அணித் தேர்வின் சாதிச் சார்பை வெளிப்படையாகப் பேசிய அவருடைய ‘ஜீவா’ (2014) படத்தையும் சேர்த்தால், தேர்வு என்னும் வாயிலில் நிறுத்தப்பட்டவரின் கதை ஒரே இயக்குநரிடம் பத்தாண்டுகள் தொடர்ந்திருப்பது விளங்கும். இத்தொடர்ச்சிக்குத் தலைப்பில் எண் இல்லை.

முடிவுரை

இரண்டாம் பாகம் என்பது தலைப்பின் உடைமையா, வினாவின் உடைமையா என்பதை இவ்வாய்வு எழுப்பியது. தற்காப்புக் கலைப் போட்டிப் படங்களின் இரண்டாம் பாகங்கள் போட்டியையும் துணைப் பாத்திரத்தையும் இரத்த உறவையும் தொடர்ச்சியின் கருவிகளாகக் கொள்கின்றன. ‘வெண்ணிலா கபடிக் குழு 2’ அவற்றையே தேர்ந்தது. அத்தேர்வினால், காரணமற்ற விருப்பத்தின்மீது எழுப்பப்பட்ட முதற்படத்தின் கதை, காரணம் தேடும் குடும்பக் கதையாகச் சுருங்கியது. முதற்படத்தின் முடிவு ஒரு தொடர்ச்சியை மறுத்து நின்றது என்பதும் உண்மை. திருவிழா மீளும், அவன் மீளான் என்பதே அதன் இறுதிச் சொல்லாயின், அவன் இடத்தில் வேறொருவனை நிறுத்துவது அச்சொல்லைத் திரும்பப் பெறுவதாகும்.

சஞ்சீவினிக் கபடியில் வெளியேறியவர் தாமாக மீள்வதில்லை. களத்தில் எஞ்சியிருக்கும் தோழர் ஈட்டும் புள்ளியே அவரை அழைத்து வருகிறது. மாரிமுத்துவின் வினாவுக்கு மறுவாழ்வு தந்தவை அவன் பெயரைச் சுமக்காத பிற படங்களே. வணிகத் தோல்வியுற்ற எளிய இரண்டாம் பாகங்களையும், எண்ணிடப்படாத தொடர்ச்சிகளையும் ஒருங்கே வைத்து ஆராயும்போதுதான், தமிழ்த் திரையில் விளையாட்டு என்பது எவருடைய உழைப்பை, எவருடைய ஓய்வை, எவருடைய உயிரைப் பற்றிப் பேசிவந்துள்ளது என்பதன் முழு வரலாறு கிட்டும்.